ஐந்தரை அடி குறைகிறது

கலியமூர்த்தி கேட்டது ஒரு நகல். மாமன்றம் அவருக்குக் கொடுத்தது மூன்று பொன்னாடை, ஒரு பட்டம், ஒரு கருத்தரங்கு, வடை பாயசத்தோடு சாப்பாடு. நகலைத் தவிர வேறு எதைக் கொடுப்பதிலும் மாமன்றம் கஞ்சத்தனம் காட்டியதில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுவதுதான் நியாயம்.

கலியமூர்த்திக்குக் கடலூர் மஞ்சக்குப்பத்தில் ஒரு ஸ்கேன் சென்டரில் எக்ஸ்ரே எடுக்கும் வேலை. வாரத்தில் ஆறு நாள் ஊராரின் விலா எலும்பைப் படம் எடுப்பார். ஏழாம் நாள் தனக்காகப் படம் எடுப்பார். பாண்டிச்சேரி ஞாயிறு சந்தையில் வாங்கிய, சாவி கொடுத்து ஓட்டும் பதினாறு எம்.எம். கேமரா ஒன்று அவரிடம் இருந்தது. காலாவதியான கறுப்பு வெள்ளைச் சுருளை எங்கிருந்தோ பிடித்து வருவார். எக்ஸ்ரே தாளை டெவலப் செய்யும் அதே இருட்டறையில், அதே மருந்தில் அதையும் போட்டு எடுப்பார்.

அவருடைய முதல் படத்தில் நெல்லிக்குப்பம் ஆலைக்குப் போகும் கரும்பு வண்டிகள் வரிசையில் நிற்கும். வண்டி தெரியாது, கரும்பு தெரியாது, மாட்டின் கால்கள் மட்டும் தெரியும். ஏழு நிமிடம். ஒரு டியூஷன் சென்டரில் திரையிட்டபோது ஒன்பது பேர் வந்தார்கள். மூன்றாவது நிமிடத்தில் நான்கு பேர் எழுந்து போனார்கள். மிச்சம் இருந்தவர்களில் ஒருவர் கதவைப் பூட்ட வேண்டிய வாட்ச்மேன். இன்னொருவர் கலியமூர்த்தியின் மனைவி மங்கலம். மூன்றாவது ஆள் மங்கலத்தின் அண்ணன் சுப்பராயலு, கிள்ளையில் படகு ஓட்டுகிறவன். விளக்கைப் போட்டதும் சுப்பராயலு கேட்டான்:

“மச்சான், மாட்டுக்கு மூஞ்சின்னு ஒண்ணு இருக்குதே, அத ஏன் உட்டுட்ட?”

கலியமூர்த்தி இரண்டு நாள் யோசித்தார். தன் கலைக்கு வந்த ஒரே உருப்படியான விமர்சனம் இதுதான் என்று முடிவு செய்து, அடுத்த படத்தில் முகம் வைத்தார். சுப்பராயலுவின் முகம்.

2004 நவம்பரில் கிள்ளைப் படகுத்துறையில் பதினோரு நிமிடம் எடுத்தார். தண்ணீர், கயிறு, வேர், மறுபடி தண்ணீர். நடுவில் ஒன்பது வினாடி சுப்பராயலு வருவான். பீடி பற்ற வைப்பான், நிமிர்ந்து பார்ப்பான், சிரிப்பான். அவ்வளவுதான். டிசம்பர் கடைசி ஞாயிறு அவன் வீட்டிலேயே வேட்டியைக் கட்டித் திரையிடுவதாகப் பேச்சு. சுருள் டப்பாவை சனிக்கிழமையே கொடுத்தனுப்பிவிட்டார்.

ஞாயிறு காலை கடல் வந்தது. சுப்பராயலு போனான். வீட்டுச் சுவரில் இருந்த அவனுடைய கல்யாணப் போட்டோவும் போனது. எட்டாம் நாள் சேற்றில் டப்பா மட்டும் கிடைத்தது.

வேறொருவராக இருந்தால் அதைத் தூக்கிப் போட்டிருப்பார். கலியமூர்த்தி எக்ஸ்ரே தாள் காயவைக்கும் கம்பியில் சுருளை உலர்த்தி, ஓட்டிப் பார்த்தார். உப்பு பாதியைத் தின்றிருந்தது. துரு சிவப்பாகவும் பாசி பச்சையாகவும் ஓடின. வற்றிய ஏரி மாதிரி படம் முழுக்க வெடிப்பு. அத்தனைக்கும் நடுவில், ஒன்பது வினாடி, சுப்பராயலு இருந்தான். நெகட்டிவ் என்பதால் முகம் வெள்ளையாக, பல் கறுப்பாக, தீக்குச்சியின் சுடர் மையாக.

“உயிரோட இருக்கறப்ப எவ்ளோ பவுடர் போட்டான். இப்பதான் வெள்ளையாயிருக்கான்” என்று சொல்லிவிட்டு மங்கலம் அன்று முழுக்க அழுதாள்.

கலியமூர்த்தி அந்தச் சுருளில் ஒன்றையும் சேர்க்கவில்லை, ஒன்றையும் நீக்கவில்லை. ‘கிள்ளை, 11 நிமிடம்’ என்று டப்பாவின் மேல் எழுதினார். அதன் பிறகு ஆறு வருடம் வேறு சுருள்களைக் கழிமுகச் சேற்றில் புதைத்து, மாதக் கணக்கில் விட்டு, தோண்டி எடுத்து ஓட்டினார். சிலதை நண்டு முழுசாகவே முடித்துவிட்டது. யாராவது கேட்டால், “பாதிய நான் எடுக்கறேன், மீதியத் தண்ணி எடுக்குது” என்பார். பார்வையாளர்கள் ஒன்பதிலிருந்து பதினான்காக உயர்ந்தார்கள்.

2011 டிசம்பர் கடைசியில் ‘தானே’ புயல் வந்து வீட்டுக் கூரைத் தகரத்தைப் பிடுங்கிக்கொண்டு போனது. மங்கலம் டப்பாவை வயிற்றோடு அணைத்துக்கொண்டு கட்டிலுக்கு அடியில் படுத்திருந்தாள். காற்று ஓய்ந்ததும் கலியமூர்த்தி டப்பாவைத் திறந்தார். புளித்த வாடை அடித்தது. சுருள் சாகத் தொடங்கினால் அடிக்கிற வாடை அது.

“ஜாஸ்தி போனா ரெண்டு வருஷம்” என்றார்.

“அப்பறம்?”

“அப்பறம் நொறுங்கிப் போயிரும்.”

“எங்க அண்ணனுக்கு வேற போட்டோ கெடையாது மாமா. எப்பிடியாச்சும் ஒரு காப்பி எடு.”

வண்ணம் கெடாமல், வெட்டாமல், கட்டம் கட்டமாக நகல் எடுக்கும் லேப் ஒன்று சென்னையில் இருந்தது. ஆனால் பழைய சுருளைத் தொடுவதற்கு அங்கே ஓர் அங்கீகாரம் பெற்ற அமைப்பின் பரிந்துரைக் கடிதம் கேட்டார்கள். மாவட்டத்தில் அப்படி ஒன்றுதான் இருந்தது: சிதம்பரம், மாற்றுத் திரைக்கலை உயராய்வு மாமன்றம்.

மாமன்றம் ஒரு கல்யாண மண்டபத்தின் மாடியில் இயங்கியது. மண்டபத்தின் உரிமையாளர் ஜெயப்பிரகாஷ்தான் மாமன்றத்தின் செயலர். புதுமையான படங்களை வளர்ப்பது என்ற நோக்கத்தோடு தொடங்கி எட்டு ஆண்டில் மாமன்றம் ஒரு படத்தையும் திரையிட்டதில்லை. புரொஜெக்டர் இருந்தது. திரையிட்டால் தேய்ந்துவிடும் என்று பிளாஸ்டிக் உறை பிரிக்காமல் வைத்திருந்தார்கள். பெருக்குவது, டீ வாங்கி வருவது, தபாலுக்கு முத்திரை குத்துவது ஆகிய துறைகள் அனைத்தையும் இருசம்மாள் என்ற பெண் ஒருவரே கவனித்து வந்தார்.

கடிதம் கேட்டுப் போன கலியமூர்த்தியின் முன்னால் ஜெயப்பிரகாஷ் ஒரு படிவத்தை விரித்தார்.

“படத்துல கதை என்னா சார்?”

“கதை இல்லீங்க.”

“அதெப்படி? கட்டம் இருக்குதே. கட்டம் இருந்தா கதை இருந்தாவணும்.” யோசித்து, ‘உண்டு’ என்று எழுதினார். “கதாநாயகன்?”

“எம் மச்சான். ஒம்பது செகண்டு வருவாரு. பீடி பத்த வெப்பாரு.”

“பீடியா? உடம்புக்குக் கேடுன்னு கீழ எழுத்து போட்டீங்களா?”

“அவரு கடல்ல போனாருங்க.”

“அதுக்கும் சேத்து ஒரு எச்சரிக்கை போட்ருக்கலாம். சரி, ஒளிப்பதிவு?”

“நானு.”

“எடிட்டிங்?”

“தண்ணி.”

“இனிஷியல்?”

“தண்ணிக்கு இனிஷியல் இல்லீங்களே.”

“இனிஷியல் இல்லாம படிவம் செல்லாது. எந்த ஊரு தண்ணி?”

“கிள்ளை.”

‘படத்தொகுப்பு: கி. தண்ணி’ என்று ஜெயப்பிரகாஷ் எழுதினார். எழுதி முடித்ததும் ஒரு பொன்னாடையை எடுத்துக் கலியமூர்த்தியின் தோளில் போட்டு, போட்டோ எடுத்துக்கொண்டார்.

“சார், அந்த லேபுக்குக் கடிதம்...”

“நகல்தான? ரொம்பச் சின்ன விஷயம். ஆனா பாருங்க, சின்ன விஷயத்தையெல்லாம் மாமன்றம் நேரடியா செய்யறதில்ல.”

அடுத்த கட்டமாக, படத்தில் சேறு சம்பந்தப்பட்டிருப்பதால் சேற்றை நேரில் ஆய்வு செய்ய ஒரு துணைக்குழு அமைக்கப்பட்டது. அதற்குத் தலைவர், மாமன்றத்தின் தலைவரேதான்: பேராசிரியர் ஞான. தேவநாதன். வணிகவியல் படிப்பித்து ஓய்வு பெற்றவர். மாற்றுத் திரையின் தந்தை என்ற பட்டம் அவருக்கு உண்டு. கொடுத்தது மாமன்றம். முன்மொழிந்தது அவர்.

மாசி மாதத்தில் ஒரு நாள் குழு கிள்ளைக்குப் போனது. தேவநாதன் வெள்ளை வேட்டியை முழங்காலுக்கு மேல் தூக்கிப் பிடித்துக்கொண்டு படகின் முனையில் நின்றார். போட்டோகிராபர் தயாரானதும் பேசினார்:

“சேறு என்றால் என்ன? இந்தக் கேள்வியை இதுவரை எவரும் கேட்கவில்லை. நான் சேற்றைப் பார்க்கிறேன். சேறு என்னைப் பார்க்கிறது. இத்தகைய ஒரு சந்திப்பு தமிழகத்தில் இதற்கு முன் நடந்ததில்லை. நடந்திருந்தால் எனக்கு அழைப்பிதழ் வந்திருக்கும்.”

பிறகு ஒரு கண்ணாடி ஜாடியில் சேறு அள்ளி, மூடி போட்டு, தேதி ஒட்டினார்கள். மதியம் சுப்பராயலுவின் மனைவி இறால் வறுத்துப் போட்டாள். துணைக்குழு இரண்டு முறை சோறு வாங்கிச் சாப்பிட்டது. சுவரில் ஆணி மட்டும் இருப்பதை யாரும் கவனிக்கவில்லை. சேற்று ஜாடி மாமன்றத்துக்குப் போய்க் கண்ணாடிப் பெட்டிக்குள் அமர்ந்தது. தூசி படக்கூடாது என்று அதற்குப் பட்டுத் துணி போர்த்தினார்கள்.

அதற்கடுத்தது கருத்தரங்கு. ‘கலியமூர்த்தியின் படைப்புலகில் ஈரம்’ என்பது தலைப்பு. ஆறு பேர் கட்டுரை வாசித்தார்கள். ஆறு பேரும் படத்தைப் பார்த்திருக்கவில்லை. கலியமூர்த்தி தயங்கித் தயங்கி எழுந்து, “சுருளு எங்கிட்டதான் இருக்குது, வேணும்னா ஓட்டிக் காட்டறேன்” என்றார். அரங்கம் சங்கடப்பட்டது. தேவநாதன் சிரித்து நிலைமையைக் காப்பாற்றினார்.

“படத்தைப் பார்த்துவிட்டால் ஆய்வாளருடைய நடுநிலைமை கெட்டுவிடும். நாற்பது ஆண்டுகளாக நான் என் நடுநிலைமையைக் காத்து வருகிறேன்.”

கைதட்டல் அடங்க நேரமாயிற்று. கலியமூர்த்திக்கு இரண்டாவது பொன்னாடை விழுந்தது. முதலாவது அப்போது வீட்டில் கிரைண்டரை மூடிக்கொண்டிருந்தது.

வாசலில் ஜெயப்பிரகாஷைப் பிடித்து மறுபடி நகலைப் பற்றிக் கேட்டார்.

“முறைன்னு ஒண்ணு இருக்குதுல்ல சார்? மொதல்ல சுருளு எங்க காப்பகத்துல சேரணும். சேந்தா விருது. விருது குடுத்த படத்துக்குத்தான் பரிந்துரை. பரிந்துரை வந்தா நகல்.”

அன்று மங்கலம் டப்பாவைக் கொடுக்க மறுத்தாள்.

“அவுங்க ஒருத்தர்கூட அத இதுவரைக்கும் பாக்கல மாமா. பாக்காதவுங்ககிட்ட எப்பிடிக் குடுக்கறது?”

“காப்பி எடுக்கத்தான குடுக்கறோம்.”

“எங்க அண்ணன் அதுல இருக்கான். அத சொல்லிட்டுக் குடு.”

கலியமூர்த்தி அப்படியே சொல்லிவிட்டுத்தான் கொடுத்தார். ஜெயப்பிரகாஷ் ‘சுருள் ஒன்று, நானூறு அடி’ என்று பதிவேட்டில் ஏற்றினார். டப்பாவை வாங்கி வைத்த இருசம்மாள்தான், “யாரு சார், ஒங்க மச்சானா?” என்று கேட்டார். வேறு யாரும் கேட்கவில்லை.

ஆகஸ்டில் விருது விழா. கீழே கல்யாண மண்டபத்தில் மணமேடையையே மேடையாக்கியிருந்தார்கள். முந்தின நாள் மணமக்களின் பெயரை ஒட்டிய எழுத்துகளில் பாதி இன்னும் பிரிக்கப்படவில்லை. புரொஜெக்டரின் பிளாஸ்டிக் உறையை விளக்கேற்றிப் பிரித்தார்கள். விருது பெறும் கலைஞர்களைச் செயலர் அழைத்தார்.

“படத்தொகுப்பாளர் கி. தண்ணி அவர்களை மேடைக்கு அழைக்கிறோம்.”

யாரும் வரவில்லை. இரண்டாம் முறை அழைத்தார். பிறகு, “பணிச்சுமை காரணமாக வர இயலாத திரு. தண்ணி அவர்களுக்கான பொன்னாடை இங்கேயே பாதுகாக்கப்படும்” என்று அறிவித்தார். சபை கைதட்டியது.

தேவநாதன் எழுந்தார்.

“இந்தச் சுருள் எங்களிடம் வந்தபோது இருந்த கோலத்தைச் சொன்னால் உங்களுக்குக் கண்ணீர் வரும். துரு! பாசி! உப்பு! ஒரு கலைஞன் தன் படைப்பை இப்படியா வைத்திருப்பான்? நான் குறை சொல்லவில்லை. கலைஞர்கள் குழந்தைகள். அவர்களைப் பராமரிக்கத்தான் மாமன்றம் இருக்கிறது. எங்கள் விதி பதினான்கு என்ன சொல்கிறது? காப்பகத்தில் சேரும் சுருள் அழுக்கும் கறையும் இன்றி இருத்தல் வேண்டும். நாங்கள் சும்மா இருக்கவில்லை. வெந்நீர், பிளீச்சிங் பவுடர், தேங்காய் நார். மூன்று நாள்! இன்று அந்தச் சுருளை நீங்கள் கையில் எடுத்தால் கண்ணாடி மாதிரி இருக்கும். இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் தெரியும்!”

கலியமூர்த்தி எழுந்தார். ஜெயப்பிரகாஷ் ஓடிவந்து தோளை அமுக்கினார்.

“ஒங்களுக்குப் பொன்னாடை கடைசிலதான் சார். ஒக்காருங்க.”

விளக்கை அணைத்தார்கள். திரை வெள்ளையானது. வெள்ளையாகவே இருந்தது. ஐந்தாவது நிமிடத்தில் ஓர் இடத்தில் படம் லேசாகக் குதித்தது, பிறகு மறுபடி வெள்ளை. எட்டாவது நிமிடம் ஓர் ஈசல் வெளிச்சத்தின் குறுக்கே பறந்து திரையில் பெரிதாக விழுந்தது. முன்வரிசையில் இருந்த ஒரு முனைவர், “அபாரம்” என்றார். பின்னால் ஒரு குழந்தை, “எப்பம்மா போடுவாங்க?” என்று கேட்டது. அந்தக் குழந்தையை வெளியே அழைத்துப் போகச் சொன்னார்கள்.

விளக்கு வந்ததும் மாற்றுத் திரையின் தந்தை கண்களைத் துடைத்துக்கொண்டார்.

“இது எந்த ஊர்? சிதம்பரம்! திரையை விலக்கினால் என்ன இருக்கும்? வெட்டவெளி! அந்த ரகசியத்தைப் பதினோரு நிமிடத்தில் ஓர் எக்ஸ்ரே தொழிலாளி சொல்லிவிட்டார். வாழ்க்கையில் நான் முழுமையாகப் பார்த்த முதல் படம் இதுதான். இதைப் போன்ற படங்களைத்தான் இனி மாமன்றம் ஏற்கும் என்று இந்த மேடையிலேயே தீர்மானிக்கிறேன்.”

மூன்றாவது பொன்னாடையும் ‘வெண்திரை வித்தகர்’ பட்டமும் கலியமூர்த்தியின் மேல் ஏறின. சபை எழுந்து நின்று கைதட்டியது. அப்போதுதான் பெண்கள் வரிசையிலிருந்து மங்கலத்தின் குரல் கேட்டது.

“எங்க அண்ணன் எங்க?”

கைதட்டல் நின்றது.

“அதுல எங்க அண்ணன் இருந்தான். எங்க அவன்?”

செயலர் ஒலிபெருக்கியில் பணிவாகச் சொன்னார்: “கேள்வி நேரம் சாப்பாட்டுக்கு அப்பறம்மா. மொதப் பந்தி தயாரா இருக்குது.”

அந்த அறிவிப்பைச் சபை மனப்பூர்வமாக ஏற்றுக்கொண்டது. இரண்டே நிமிடத்தில் அரங்கில் கலியமூர்த்தியும் மங்கலமும் மட்டும் இருந்தார்கள். தோளில் பொன்னாடையோடு அவர் புரொஜெக்டரிலிருந்து சுருளைக் கொஞ்சம் இழுத்து வெளிச்சத்தில் பிடித்தார். தலைவர் பொய் சொல்லவில்லை. அந்தப் பக்கம் தெரிந்தது.

இருசம்மாள் வந்து மங்கலத்தின் கையைப் பிடித்தார். “கொஞ்சம் கொல்லப் பக்கம் வாங்கக்கா. சார், நீங்களும் வாங்க.”

பாத்திரம் துலக்கும் இடத்தில், அண்டாக்களுக்கு நடுவே நின்று சொன்னார்:

“நாந்தான்க்கா தேச்சேன். வேலைக்கு வந்தவ, சொன்னாங்க, செஞ்சேன். மொத நாளு பச்சப் பச்சையா, துருவா வந்துது. ரெண்டாம் நாளு வெளிச்சத்துல புடிச்சிப் பாக்கறேன், ஒரு ஆளு. ஒண்ணுக்குக் கீழ ஒண்ணா அதே ஆளு. பீடி பத்த வெக்கிறாரு. சார் சொன்னாரே, மச்சான்னு, அது நெனப்பு வந்துருச்சி. தலைவருகிட்ட ஓடுனேன். ‘ஐயா, இதுல ஆளு இருக்குறாருங்க’ன்னேன். ‘கறை எதுவா இருந்தாலும் எடுத்துரு’ன்னுட்டு போன் பேசப் போயிட்டாரு.”

“அப்பறம்?” என்றாள் மங்கலம்.

“ஆளப் போயி பிளீச்சிங் பவுடர் போட்டுத் தேய்க்க முடியுமாக்கா? அவரு இருக்கற வரைக்கும் கத்திரியால நறுக்கி எடுத்துட்டு, மீதிய டேப்பு போட்டு ஒட்டிட்டேன். தப்புன்னா நாலு வார்த்த திட்டிட்டுப் போங்க.”

முந்தானைக்குள் இருந்து டிபன் பாக்ஸை எடுத்துத் திறந்தார். சோறு இருக்கவேண்டிய இடத்தில், ஒரு சுத்தமான கைக்குட்டைக்குள், பாசியும் துருவும் உப்புமாகச் சுருட்டி வைத்த ஒரு துண்டு ஃபிலிம் இருந்தது.

மாமன்றத்தின் எட்டு ஆண்டு வரலாற்றில் ஒரு படத்தைக் கண்ணால் பார்த்த முதல் ஆள் இருசம்மாள். அவருக்குப் பொன்னாடை போர்த்த விதியில் இடமில்லை.

மங்கலம் அதை வெயிலில் பிடித்தாள். வெள்ளை முகம், கறுப்புப் பல். சிரித்துக்கொண்டிருந்தான்.

மற்ற பத்து நிமிடமும் சாக்கடையில் போய்விட்டதைக் கேட்டுக் கலியமூர்த்தி அங்கேயே ஓர் அண்டாவைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்தார். எட்டு வருடம். பிறகு அந்தத் துண்டை வாங்கி, விரலால் அளந்தார்.

“வெட்டக் கூடாதுன்னுதான் லேபுக்கு அலைஞ்சேன். வெட்டியாச்சி. இனிமே இதுக்கு லேபே தேவையில்ல” என்றார்.

அடுத்த ஞாயிறு, ஸ்கேன் சென்டர் இருட்டறையில், அந்தத் துண்டை நான்காக நறுக்கி, நெஞ்சு எக்ஸ்ரே எடுக்கும் ஒரு பெரிய தாளின் மேல் அருகருகே வைத்து, கண்ணாடியால் அமுக்கி, ஒரு நொடி விளக்கைப் போட்டு அணைத்தார். தாளை மருந்தில் போட்டு எடுத்தபோது வெள்ளை கறுப்பாகவும் கறுப்பு வெள்ளையாகவும் மாறியிருந்தன. துருவின் சிவப்பும் பாசியின் பச்சையும் வரவில்லை. சுப்பராயலு வந்தான், தன் சொந்த நிறத்தில், வெள்ளைப் பல்லோடு, கையில் வெளிச்சமாக ஒரு சுடரோடு, இருநூற்றுப் பதினாறு தடவை.

“இப்பதான் அண்ணன் மாதிரி இருக்கான்” என்றாள் மங்கலம்.

அந்த எக்ஸ்ரே தாள் கிள்ளைக்குப் போய், அவன் வீட்டு ஜன்னலில் தொங்கியது.

பத்து நாள் கழித்து மாமன்றத்திலிருந்து பதிவுத் தபால் வந்தது. தாளில் பாதிக்கு மேல் மாமன்றத்தின் பெயரே இருந்தது. மீதியில் இருந்தது இது:

‘வெண்திரை வித்தகர் அவர்களுக்கு. காப்பகச் சுருளை ஆண்டு சரிபார்ப்பில் அளந்தபோது ஐந்தரை அடி குறைகிறது. மேற்படி பகுதியை விதி பதினான்கின்படி நன்கு சுத்தம் செய்து, ஏழு நாட்களுக்குள் ஒப்படைக்கவும். தவறினால் பட்டம் திரும்பப் பெறப்படும். தாங்களும் திரு. கி. தண்ணி அவர்களும் நேரில் வந்து விளக்கம் அளிக்கவும். நகல் குறித்த தங்கள் கோரிக்கை அதன் பின்னரே பரிசீலிக்கப்படும்.’

கலியமூர்த்தி பேனாவை எடுத்தார். மங்கலம் அதை வாங்கிக்கொண்டாள். அந்தக் கடிதத்தின் பின்பக்கத்திலேயே எழுதினாள்:

‘ஐயா, நீங்க கேக்கற அஞ்சரை அடி எங்க அண்ணன் சுப்பராயலு. உயிரோட இருந்தப்பவும் அவன் உயரம் அஞ்சரை அடிதான். தர முடியாது. நகல் நாங்களே எடுத்துக்கிட்டோம். பொன்னாடை மூணையும் இத்தோட அனுப்பியிருக்கேன். பிளீச்சிங் பவுடர் போட்டு நல்லா தேச்சிருக்கேன். கறை இல்லை.’